தொட்ட யானை

என் பாவா சுந்தரமூர்த்தியிடம் போய்க் கேட்டால், இப்படி ஒன்று நடக்கவே இல்லை என்பார். அவர் இல்லை என்றாலே நடந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம். ஏன் என்று போகப் போகத் தெரியும். அவருடைய மனைவி பத்மா என் அக்கா. ஒரே ஒரு முறை, சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டு, அவளிடம் எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறார். அவள் என்னிடம் சொன்னாள். நடந்தது திருத்தணியில், போன வைகாசியில். ராத்திரி இல்லை, கொளுத்துகிற பட்டப்பகலில்.

பாவா ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். செஸ்தான் அவருக்குச் சோறு தண்ணீர் எல்லாம். கல்யாணத்தன்று மாப்பிள்ளை அறையிலேயே பலகையை விரித்து உட்கார்ந்துவிட்டார், முகூர்த்தத்துக்கு இழுத்துக்கொண்டு வர வேண்டியதாயிற்று. மாவட்டப் பட்டம் பலமுறை வாங்கினார். மாநிலப் பட்டம் மட்டும் வாழ்நாள் பூராவும் நழுவிக்கொண்டே இருந்தது. கடைசியில் அறுபத்தேழு வயதில், மூத்தோர் போட்டியில் அது கிடைத்தது. பேருந்து நிலையத்தில் அவர் முகம் போட்ட பேனர் கட்டினார்கள்.

கிடைத்த விதம்தான் சரியில்லை.

கடைசிச் சுற்றில் எதிரே உட்கார்ந்தவர் ஷரீப் பாய். அரக்கோணத்தில் பைக் மெக்கானிக், பாவாவின் பல வருட சிநேகிதர். அந்த ஆட்டத்தில் ஜெயிக்கிறவருக்கே பட்டம் என்ற நிலை. செஸ்ஸில் கறாரான விதி ஒன்று உண்டு. ஒரு காயைத் தொட்டுவிட்டால் அதைத்தான் நகர்த்த வேண்டும். பாவா யானையைத் தொட்டார். தொட்ட பிறகுதான் தெரிந்தது, யானை அசைந்தால் ராஜா தப்பாது. விரலைச் சட்டென்று எடுத்து, குதிரையை நகர்த்திவிட்டார்.

பாய் கையைத் தூக்கி நடுவரைக் கூப்பிட்டார்.

"சார் யானைய தொட்டாருங்க."

நடுவர் பாவாவைப் பார்த்தார். "தொட்டீங்களா?"

"இல்லைங்க."

வேறு யாரும் பார்க்கவில்லை. ஆட்டம் தொடர்ந்தது. பாவா ஜெயித்தார். பாய் கைகுலுக்கிவிட்டுப் போனார். தோற்கப் போகிற நேரத்தில் பொய்ப் புகார் சொன்ன ஆள் என்று அவருக்குப் பெயராகிவிட்டது. அரக்கோணம் கிளப்பில் அவரோடு உட்கார்ந்து ஆட ஆளில்லை. இது பாவாவுக்கும் தெரியும். வெட்கம் பிடுங்கித் தின்றது, சோறு இறங்கவில்லை. ஆனால் வாயை மட்டும் திறக்கவில்லை.

பாராட்டு விழா ஞாயிற்றுக்கிழமை மாலை, கல்யாண மண்டபத்தில். அன்று கிருத்திகை. அக்கா மலைக்குப் போயிருந்தாள். பாவா ஹாலில் தனியாக உட்கார்ந்து, மேடையில் பேசப் போவதை முணுமுணுத்துக்கொண்டிருந்தார்.

மணி பன்னிரண்டு பத்து.

நிமிர்ந்தால், வாசலில் ஷரீப் பாய்.

பாயின் பழைய வண்டி இரண்டு தெரு தள்ளி வரும்போதே காதைப் பிளக்கும். அன்று ஒரு சத்தமும் கேட்கவில்லை. வெறுங்காலோடு நின்றார். வெளியே சிமெண்ட் தரை தோசைக்கல்லாகக் காய்ந்து கிடந்தது.

"வாங்க பாய். மோர் தரட்டுமா?"

"வேணாங்க சார். ஒரு ஆட்டம் போடலாம்னு வந்தேன்."

பாவாவுக்கு உடம்பே கூசியது. அந்தச் சுற்றுக்குப் பிறகு அவர் பாயின் முகத்தைப் பார்க்கவில்லை. பலகை இருந்தால் குனிந்துகொண்டிருக்கலாம் என்றுதான் காய்களை அடுக்கினார்.

பாயின் தலைமுடி ஈரமாக இருந்தது. கற்பூர வாசனை வந்தது. கிருத்திகை ஆயிற்றே, மலைக்குப் போய் வருகிறவர்கள் தெருவில் போகிறார்கள் என்று பாவா நினைத்துக்கொண்டார். அப்புறம் அந்த நகங்கள்... எப்போதும் கிரீஸ் ஏறிக் கறுத்திருக்கும். எத்தனை தேய்த்தாலும் போகாது என்று பாயே சொல்வார். அன்று வெள்ளை வெளேரென்று இருந்தன.

"என் காயையும் நீங்களே நகத்துங்க சார். கை எழும்பல."

பாய் கட்டம் சொன்னார். பாவா நகர்த்தினார். கொஞ்ச நேரம் போனதும்தான் பாவாவுக்குப் புரிந்தது. அதே ஆட்டம். கடைசிச் சுற்று ஆட்டம், காய்க்குக் காய் அப்படியே. வேறு மாதிரி ஆடத்தான் பார்த்தார். விரல்கள் அவர் பேச்சைக் கேட்கவில்லை.

மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது. காற்று வரவில்லை.

தெருவில் கேட்டுக்கொண்டிருந்த அரோகரா சத்தம் பாதியில் நின்றது.

டக்... டக்... காய் வைக்கிற சத்தம் மட்டும்.

அதே இடம் வந்தது.

பாவாவின் கை நீண்டது. வேண்டாம் என்று இழுத்துப் பார்த்தார்... முடியவில்லை.

விரல் யானையைத் தொட்டது.

ஐஸ் மாதிரி இருந்தது.

விரலை எடுத்தார்.

"தொட்டீங்களா சார்?"

அந்தக் குரலில் கோபம் இல்லை. கெஞ்சல் இருந்தது.

நடுவர் இல்லை. பார்க்க ஆளில்லை. ஆமாம் என்று ஒரு வார்த்தை, அவ்வளவுதான். அது நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. ஆனால் ஒத்துக்கொண்டால் சாயங்காலம் எந்த முகத்தோடு மாலையை வாங்குவது?

"இல்ல பாய்."

பாய் அவரையே பார்த்தார். ரொம்ப நேரம். கண் இமைக்கவில்லை...

"சரிங்க சார்."

பாவா நிமிர்ந்தபோது எதிரே யாரும் இல்லை. நாற்காலியிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

சொட்... சொட்...

மணி பன்னிரண்டு நாற்பது.

மூன்று மணிக்கு போன் வந்தது. பாயின் மகன் அல்தாஃப்.

"சார், அத்தா விடியக்காலைல மவுத்தாயிட்டாருங்க. மதியமே அடக்கம் பண்ணிட்டோம். முன்னாடியே சொல்ல முடியல, மன்னிச்சிக்கங்க."

பாவா அந்த ஈர நாற்காலியைத் திரும்பிப் பார்த்தார்.

"பன்னண்டு மணிக்கு நான்தாங்க குளிப்பாட்டினேன். கற்பூரத் தண்ணி ஊத்தி, நகத்துல இருந்த கிரீஸ்கூட ஒண்ணொண்ணா தேச்சி எடுத்தேன். நேத்து ராத்திரி உங்களப் பத்தியேதான் பேசிக்கினு இருந்தாரு. 'நாலு பேர் முன்னாடி கேட்டா எந்த மனுஷன் ஒத்துக்குவான்? நான் கேட்ட இடம் தப்பு. நாளைக்கு வீட்டுக்கே போயி தனியா கேக்கறேன், சார் ஆமான்னுடுவாரு'ன்னாரு. ராத்திரி போன் எதுனா பண்ணி கேட்டாருங்களா?"

"இல்லப்பா. எங்கிட்ட எதுவும் கேக்கல."



"ஒண்ணு சொல்லணுங்க. குளிப்பாட்ட ஆரம்பிச்சப்ப அத்தா மூஞ்சி சிரிச்சாப்புல இருந்திச்சு. எங்கயோ ஆசையா கிளம்பறாப்புல. வந்தவங்க எல்லாரும் பார்த்தாங்க. துணி போத்தி வெச்சிட்டு, பன்னண்டே முக்காலுக்கு கடைசியா முகம் பார்க்க விலக்கினோம்..."

"ம்."

"அந்தச் சிரிப்பு இல்லீங்க. தலை ஒரு பக்கமா திரும்பி இருந்திச்சு. நேரா வெச்சேன். மறுபடியும் திரும்பிச்சு. வேற யாரோ செஞ்ச தப்புக்கு அவரு வெக்கப்படறாப்புல..."