இடது இறக்கை டேங்க்

லிப்ட் மெக்கானிக்குக்கு அக்கா என்றால் உயிர். மருந்துக் கடையில் மாத்திரை எடுத்துக் கொடுக்கும் அக்கா, நாற்பத்தைந்து வயதில் விமானம் ஓட்ட உரிமம் வாங்கிவந்தபோது வீடே சிரித்தது. அவன் மட்டும், “நீ ஓட்டுக்கா, நான் கட்டித் தர்றேன்” என்றான்.

இருவர் உட்காரும் சின்ன விமானம். முழுசாகக் கட்டியும் தருவார்கள், பாகங்களாகப் பெட்டியில் அடைத்தும் தருவார்கள். இவர்கள் பெட்டிகளை வரவழைத்தார்கள். அத்தானின் கார் தெருவுக்குப் போனது. ஷெட்டில் இறக்கையும் வாலும் குடியேறின. இரண்டு வருஷம் ஞாயிறு தவறாமல் அக்கா செய்முறைப் புத்தகத்தை வாசிப்பாள், அவன் தகடுகளைச் சேர்த்து ரிவெட் ஆணி அடிப்பான். “என் காரை வெயில்ல நிறுத்திட்டு அக்காவும் தம்பியும் எதை அடைகாக்கறீங்க?” என்பார் அத்தான்.

எதை இறுக்கினாலும் அதன்மேல் சிவப்புக் கோடு ஒன்று இழுத்துவிடுவார்கள். கோடு இருந்தால் அந்த வேலை முடிந்தது என்று பொருள். ஒரு ஞாயிறு, இடது இறக்கை டேங்கின் பெட்ரோல் குழாயை அவன் மாட்டிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. ஆஸ்பத்திரி லிப்ட் ஆளோடு நின்றுவிட்டதாம். வந்து இறுக்கிக்கொள்ளலாம் என்று நினைத்தவன், கைப்பழக்கத்தில் கோட்டை மட்டும் இழுத்துவிட்டு ஓடினான். திரும்பி வந்தபோது கோடு இருந்தது. அவன் அடுத்த வேலைக்குப் போய்விட்டான். சோதிக்க வந்த அதிகாரியும் கோட்டைப் பார்த்துத் தலையசைத்தார்.

ஒன்பதாவது முறை பறந்தபோது, தரையிறங்கத் திரும்பும் நேரத்தில் எஞ்சின் நின்றது. அக்கா சோளக்காட்டில் இறக்கினாள். உயிர் தப்பியது, வலது கால் இரண்டு இடத்தில் முறிந்தது. ஆம்புலன்ஸ் போனபின், ஓடுதளத்திலிருந்து ஓடிவந்திருந்த அவன் இடது இறக்கைக்கு அடியில் குனிந்தான். குழாய் கழன்று தொங்கியது; பெட்ரோல் முழுக்கப் பறக்கும்போதே ஒழுகிப்போயிருந்தது. யாரும் வருவதற்குள் அதை மாட்டி, இறுக்கிவிட்டு நிமிர்ந்தான்.

வலது டேங்க் நிறைய இருக்கிறது, எஞ்சின் அப்போது குடித்துக்கொண்டிருந்த இடது டேங்க் காலி. ஓட்டியவர் பெட்ரோலைப் பார்க்காமல் கிளம்பியிருக்கிறார் என்று விசாரணை முடிந்தது.

“குச்சி விட்டு அளந்தேன்டா. ரெண்டும் ஃபுல்” என்றாள் அக்கா.

“விடுக்கா” என்றான் அவன்.

போகப்போக அக்கா, “பார்த்தேன்” என்பதை விட்டு, “பார்த்ததா ஞாபகம்” என்றாள். பிறகு அதையும் சொல்லவில்லை.

பதினாலு மாதம் கழித்து ஒரு மத்தியானம் மருந்துக் கடைக்குப் போனான். அக்கா தட்டில் மாத்திரைகளை எண்ணிக்கொண்டிருந்தாள்.

“நல்லவேளை வந்தே. இருபத்தெட்டு இருக்கா பாரு.”

“இருக்குக்கா.”

“இன்னொரு தடவை எண்ணு.” எண்ணினான். “இன்னொரு தடவைடா.” தட்டை அவன் பக்கம் தள்ளினாள். “மாசக் கடைசியோட நின்னுக்கறேன். என் கண்ணையே நான் நம்பறதில்லை. யாருக்காவது மாத்திக் குடுத்துட்டா?”

அவன் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டான். “நீ சரியாத்தான் பார்த்தேக்கா” என்று ஆரம்பித்து, ஒன்று விடாமல் சொன்னான்.

அக்கா மாத்திரைகளை டப்பாவில் போட்டு மூடினாள். பிறகு, “இறுக்காம விட்டது மறதி. அது யாருக்கும் வரும். என்னை ஆம்புலன்ஸ்ல ஏத்தினப்புறம் செஞ்சியே, அதுக்கு என்னடா பேரு?” என்றாள்.

அவன் ஸ்டூலிலிருந்து எழுந்தான்.

“எழுத வேண்டிய இடத்துக்கு எழுது. அதுவரைக்கும் என் மூஞ்சில முழிக்காதே.”

எழுதினான். அறிக்கையைத் திருத்தினார்கள். இனி அவன் விமானத்தில் கைவைக்கக் கூடாது என்றார்கள். லிப்ட் கம்பெனியும் ஆறு மாதம் அவனைக் குடோனில் உட்காரவைத்தது. இவ்வளவுதானா தண்டனை என்றுதான் அவனுக்கு இருந்தது.

அக்கா வேலையை விடவில்லை. விமானம் ஓட்டுபவர்களின் கிளப் ஒன்றில் விமானம் எடுத்து மறுபடி பறக்கிறாள் என்று அத்தான் சொல்லித் தெரிந்தது. எட்டு மாதம் கழித்து அவளே கூப்பிட்டாள். “கோபம் போகல. போகுமான்னும் தெரியல. இருக்கறது ஒரு தம்பி. வந்துட்டுப் போ.”

இப்போது ஞாயிறுதோறும் போகிறான். ஊர்க்கதை எல்லாம் பேசுகிறார்கள். அவள் டீ போட எழுந்து, காலை இழுத்து இழுத்து நடக்கும் சத்தம் கேட்கையில் மட்டும் அவன் தலை நிமிர்வதில்லை.