அப்பா எழுந்திருக்காத ஞாயிறு

எங்கள் வீட்டுக் குடும்ப ஜெபத்தில் எல்லோரும் கண்ணை மூடியிருக்க வேண்டும் என்பது சட்டம். மூடாதவரை யாரும் காட்டிக்கொடுக்க முடியாது என்பது அந்தச் சட்டத்தில் இருந்த ஓட்டை. இன்னார் கண்ணைத் திறந்தார் என்று சொல்ல வேண்டுமானால், சொல்கிறவர் தானும் திறந்து பார்த்திருக்க வேண்டும் அல்லவா? இந்த ஓட்டையை ஒன்பது வயதிலேயே கண்டுபிடித்துவிட்டேன். அதன் பிறகு ஜெபம் முடியும்வரை மற்றவர்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பது என் வழக்கமாயிற்று. சந்தேகம் என் கூடவே பிறந்தது. பால்காரி தண்ணீர் கலப்பதையும், அன்றைக்குப் பிடித்த விழிஞ்ஞத்து மீன் என்று மாமா கொண்டுவருவது முந்தின நாள் மீன் என்பதையும் வீட்டில் முதலில் சொன்னவள் நான்தான். மாமா அதற்காக என்னைப் போலீஸ் என்று கூப்பிடுவார்.

அப்பா மிஷன் பள்ளிக்கூடத்தில் வாத்தியார். நாகர்கோவில் பக்கமிருந்து திருவனந்தபுரத்துக்கு மாற்றலாகி வந்தவர். பள்ளிக்குப் பின்னால் இருந்த எங்கள் வீடும் மிஷனுடையதுதான். சாயங்கால ஜெபத்தை எப்போதும் அப்பாதான் நடத்துவார். அந்த வருஷம் மழைக்காலம் முடிந்த பிறகு, "நீ பண்ணு" என்று அம்மாவிடம் விட்டுவிட்டார். அம்மா ஜெபிக்கும்போது பார்த்தேன். அப்பா கண்ணைத் திறந்து உத்தரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே ஓர் இரும்பு வளையத்தைத் தவிர வேறு ஒன்றும் இல்லை. தம்பியின் தொட்டில் அதில்தான் தொங்கியது. மழைக்காலத்துக் காய்ச்சலில் தம்பி போய்விட்டான். தொட்டிலை அம்மா கழற்றித் துவைத்து மடித்து வைத்துவிட்டாள். கூரை ஒழுகுகிறதா என்று அப்பா பார்க்கிறார் என்று நான் நினைத்தேன். ஆனால் அவர் தினமும் பார்த்தார். மழை பெய்யாத நாளிலும் பார்த்தார்.

அப்போது ஞாயிற்றுக்கிழமை ஓய்வுநாள் பள்ளியில் எனக்கு ஒரு தகராறு நடந்தது. பரலோகத்தில் இரவே கிடையாது என்று அக்கா ஒருத்தி பாடம் சொன்னாள். இரவே இல்லாத ஊரில் கைக்குழந்தைகள் எப்போது தூங்கும் என்று கேட்டேன். என்னைப் பாடம் முடியும்வரை நிற்க வைத்துவிட்டாள். இந்த மாதிரிக் கதையை வீட்டில் வந்து சொன்னால் அப்பா வயிறு குலுங்கச் சிரிப்பார். அன்று சிரிக்கவில்லை. "நல்ல கேள்வியாக்கும்" என்று சொல்லிவிட்டு எழுந்து வெளியே போனார். பாராட்டிவிட்டு ஏன் போக வேண்டும்? அதுவும் எனக்குப் பிடிபடவில்லை.

மாதத்தின் முதல் ஞாயிறு கோயிலில், அதாவது எங்கள் சர்ச்சில், இராப்போஜனம். பெரியவர்கள் எழுந்து முன்னால் போய் முழங்காலிட்டு அப்பமும் திராட்சரசமும் வாங்குவார்கள். பிள்ளைகள் பெஞ்சிலேயே இருக்க வேண்டும். அந்த ஞாயிறு அம்மா எழுந்தாள். அப்பா எழுந்திருக்கவில்லை. "கேட்டியளா" என்று அம்மா மெல்லக் கூப்பிட்டாள். அப்பா பாட்டுப் புத்தகத்தை எடுத்து விரித்துக்கொண்டார். பாட்டு எதுவும் நடக்கவில்லை. அம்மா தனியாக நடந்து போனாள். கோயிலில் இருந்த அத்தனை பேரும் தலையைத் திருப்பாமலே எங்கள் பெஞ்சைப் பார்த்தார்கள்.

மிஷன் பள்ளிக்கூடத்து வாத்தியார் இராப்போஜனத்தில் சேராமல் இருக்க முடியாது. இருந்தால் வேலை போகும், வேலையோடு வீடும் போகும். அம்மா அன்று மத்தியானம் குழம்பில் உப்புப் போட மறந்தாள். எனக்கு வீட்டைப் பற்றிய கவலை இல்லை. எனக்கு வந்த பயம் வேறு. எங்களில் மூத்தவரான அப்பா முதலில் பரலோகத்துக்குப் போகாவிட்டால், நாங்கள் போய்ச் சேரும்வரை தம்பி அங்கே ஆளறியாமல் கிடப்பானே என்று பயந்தேன். நினைக்க நினைக்க அழுகை வந்தது.

ஆகவே அப்பா செய்த பாவம் என்னவென்று துப்புத் துலக்க ஆரம்பித்தேன். சட்டையை முகர்ந்து பார்த்தேன். சுண்ணாம்புக்கட்டி வாசனைதான் வந்தது. பள்ளி விட்டதும் அவர் நேரே வீட்டுக்கு வராதது நினைவுக்கு வந்தது. ஒரு நாள் பின்னாலேயே போனேன். கரமனை ஆற்றங்கரைவரை நடந்தார். அங்கே அக்கிரகாரத்துப் பிள்ளைகள் குதித்துக் குளித்துக்கொண்டிருந்தார்கள். ஆற்றில் முங்கி இந்துவாக மாறப்போகிறாரோ என்று எனக்குச் சந்தேகம் வந்தது. அவர் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. கரையில் உட்கார்ந்து தண்ணீரைப் பார்த்தார். ஒரு பாவமும் செய்யக் காணோம். பிறகு திரும்பிப் பாராமலே, "வா, வந்து இரி" என்றார். நான் வந்ததை முதலிலேயே அறிந்திருக்கிறார்.

பக்கத்தில் போய் உட்கார்ந்து, "தம்பி பரலோகத்துல இருக்கானாப்பா?" என்று கேட்டேன்.

"உங்கம்மா இருக்கான்னு சொல்லுதா."

"நீங்க என்ன சொல்லுதிய?"

"நான் கேட்டுட்டு இருக்கேன் மக்களே. பதிலு ஒண்ணும் வரல்ல."

இதற்கு ஆம் என்றோ இல்லை என்றோ சொல்லிவிட்டால் என்ன? பெரியவர்கள் மழுப்பும்போது இப்படித்தான் பேசுவார்கள் என்று எனக்குத் தெரியும். அப்பா கடலை வாங்கித் தந்தார். வாயை அடைக்கத்தான் என்று நினைத்தேன், தின்றேன்.

இதற்குள் சபையார் வேறு ஒரு முடிவுக்கு வந்துவிட்டார்கள். யாரோடாவது மனத்தாங்கல் இருந்தால் அதைத் தீர்த்துவிட்டுத்தான் இராப்போஜனத்துக்கு வர வேண்டும் என்பது எங்களிடம் இருந்த வழக்கம். எழுந்திருக்காதவர் சண்டைக்காரர் என்பது அதன் அர்த்தம். வேறு அர்த்தம் இருக்கலாம் என்று யாருக்கும் தோன்றவில்லை. அப்பாவுக்கு யாரோடு சண்டை என்பதுதான் பேச்சு. அவரவர் தங்கள் மனசாட்சியைத் துழாவத் தொடங்கினார்கள். பக்கத்து வீட்டு அக்கா முருங்கைக்காய்க் கட்டோடு வந்து, எங்கள் மரத்தின் காயை எங்களைக் கேட்காமலே பறித்துவந்ததாகச் சொல்லி நின்றாள். அது அவள் சொல்லும்வரை எங்களுக்குத் தெரியாது. எனக்குமே தெரியாமல் போனதில்தான் எனக்கு அவமானம்.

அப்புறம் மாமா வந்தார். மாமா அம்மாவின் தம்பி, சாலைக் கடைவீதியில் அரிசிக்கடை வைத்திருந்தார். தோளில் ஒரு செந்துளுவன் வாழைக்குலையைச் சுமந்து வந்து அப்பாவின் காலடியில் இறக்கினார். அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதார்.

"அத்தான், அது நானாக்கும்னு எனக்கு அறியும். பிள்ளைய அடக்குன அண்ணைக்கி வண்டியில சரக்கு வந்து நின்னுது. இறக்கி வச்சிட்டு ஓடி வந்தேன். வரும்போ குழி மூடியாச்சு. ஒருபிடி மண்ணு போடல்ல நான். நீங்க ஒரு வாக்குக்கூட என்னிட்ட சொல்லல்ல."

"நீ வந்ததும் வராததும் ஒண்ணும் நான் கண்டில்லடே" என்றார் அப்பா. உண்மையைத்தான் சொன்னார். மாமா அதை மன்னிப்பு என்று எடுத்துக்கொண்டு இன்னும் அதிகமாக அழுதார். அப்பா குனிந்து அவர் முதுகில் கை வைத்தார். அப்பாவும் அழுததை அன்றுதான் முதலில் பார்த்தேன். சண்டையே இல்லாதபோது சமாதானத்துக்கு இவ்வளவு கண்ணீர் எதற்கு என்று எனக்கு விளங்கவில்லை.

செய்தி அன்றே ஐயருக்குப் போய்விட்டது. எங்கள் சபையில் போதகரை ஐயர் என்போம். மறுநாள் அவர் வந்து குலையைப் பார்த்தார், மாமாவைப் பற்றிக் கேட்டார், சந்தோஷப்பட்டார். "அப்ப சார், இனி தடை ஒண்ணும் இல்லையே? அடுத்த மாசம் வந்திருவீங்க இல்லையா?" என்று கேட்டார். அப்பா ஒரு பழத்தை உரித்து அவர் கையில் கொடுத்தார். தின்றுவிட்டு ஐயர் போய்விட்டார். கதவுக்குப் பின்னால் நின்ற அம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். அப்பாவுக்கு யாரோடும் சண்டை இல்லை என்பது அவளுக்குத் தெரியாதா என்ன?

அடுத்த இராப்போஜனத்துக்கு முந்தின நாள் சனிக்கிழமை. விளக்கேற்றி வழக்கம்போல முழங்காலிட்டோம். அம்மா ஜெபிக்கத் தொடங்கினாள். வழக்கமாக அவள் ராஜாவிலிருந்து தொடங்கி ஊரில் உள்ள நோயாளிகள்வரை ஒருவரையும் விடமாட்டாள். அன்று எல்லோரையும் விட்டுவிட்டாள்.

"ஆண்டவரே, நாளைக்கி இவிய அங்க வரண்டாம். நிறையாத மனசோட ஒம்ம முன்னால முட்டுக்குத்தண்டாம். வீடு போனா போவட்டும். என் உடப்பொறந்தானுக்க கடைக்குப் பின்னால ஒரு முறி கிடக்கு, நாங்க அங்க இருந்துக்கிடுவோம். இவிய கேக்கத நீரு குத்தமா எடுக்கப்பிடாது. எனக்கும் இவிய மேல ஒரு வருத்தமும் இல்ல. நானும் ராத்திரி கிடந்து அதத்தான கேக்கேன். ஆமென்."

நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். அம்மாவின் கண் திறந்திருந்தது. அவள் அப்பாவையே பார்த்து இத்தனையும் சொன்னாள். அப்பா உத்தரத்தைப் பார்க்கவில்லை, அவளைப் பார்த்தார். அந்த வீட்டில் அன்று கண்ணை மூடி இருந்தவர் ஒருவரும் இல்லை. ஆமென் சொன்ன பிறகும் இருவரும் கொஞ்ச நேரம் எழுந்திருக்கவில்லை. எனக்கு முட்டு வலித்தது.

மறுநாள் கோயிலில் அந்த நேரம் வந்ததும் அம்மா எழுந்தாள். அப்பாவைக் கூப்பிடவில்லை, திரும்பிப் பார்க்கவும் இல்லை. நடந்து போனாள். அப்பா உட்கார்ந்திருந்தார். நான் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். பிறகு அவர் பாட்டுப் புத்தகத்தை என் மடியில் வைத்துவிட்டு எழுந்தார். போய் அம்மாவின் பக்கத்தில் முழங்காலிட்டார். பின் பெஞ்சில் மாமா சத்தமாக மூக்கைச் சிந்தினார். தன்னுடைய வாழைக்குலைதான் அத்தானைத் திருப்பிக் கொண்டுவந்தது என்று அவர் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார்.

வேலையும் வீடும் நிலைத்தன. எல்லோருக்கும் நிம்மதி. எனக்கு மட்டும் உறுத்தியது. அம்மா கேட்டது அப்பா வரக்கூடாது என்று. அப்பா வந்துவிட்டார். கேட்டதற்கு நேர் எதிராக நடந்தால் ஜெபம் பலிக்கவில்லை என்றுதானே பொருள்? யோசித்துப் பார்த்ததில் காரணம் புலப்பட்டது. அம்மா கண்ணை மூடாமல் கேட்டிருக்கிறாள். இனிமேலாவது மூடிக்கொண்டு கேட்கும்படி அவளிடம் சொல்ல நினைத்தேன். உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பாளே என்று சொல்லாமல் விட்டுவிட்டேன்.