தவக்காலத்தில் நின்றுபோன கல்யாணம்

கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷத்தில் என் வீட்டுக்காரர் இன்னொருத்திக்கு மோதிரம் போட்டது ஒரே ஒரு தடவைதான். அதுவும் என் கண் முன்னாலேயே, கட்டிலில் மல்லாந்து படுத்தபடி, போனில். அவளுக்கு மஞ்சள் முடி. ரொட்டிக் கடை வைத்திருந்தாள். நல்ல பெண், ஒரு வம்புதும்புக்கும் போக மாட்டாள் என்று என்னிடமே சிபாரிசு செய்தார். நான் முருங்கைக் கீரை உருவிக்கொண்டிருந்தேன். காம்பை எடுத்து அவர் மேல் வீசினேன்.

அவர் ஏன் படுத்திருந்தார் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். ராயபுரத்தில் எங்கள் சந்தில் பாதி வீட்டு ஆம்பளைகளுக்கு ஹார்பரில்தான் வேலை. இவருக்கு லாஷிங். கப்பலில் அடுக்கிய கன்டெய்னர்கள் நடுக்கடலில் ஆடாமல் இருக்க, அவற்றை நீள இரும்புக் கம்பிகளால் இறுக்கிக் கட்டுகிற வேலை. ஆளைவிட உயரமான கம்பியைத் தூக்கி, அண்ணாந்து பார்த்து, அதன் கொக்கியை மேலே ஓட்டையில் மாட்டணும். இருபத்தைந்து வருஷம் மாட்டினார். பொங்கல் கழிந்த வாரம் அப்படி ஒரு கம்பியைத் தூக்கியவர், இறக்க முடியாமல் அப்படியே உட்கார்ந்துவிட்டார். முதுகுத் தட்டு விலகியிருக்கிறது, மூன்று மாசம் படுக்கை, அதற்குப் பிறகும் ஜன்மத்துக்கும் கனம் தூக்கக் கூடாது என்றார் டாக்டர். முதல் பாதியை இவர் கேட்டுக்கொண்டார். இரண்டாவது பாதி காதில் விழாத மாதிரி இருந்துவிட்டார். இரண்டாவது மாடியில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு நாலு பேர் தூக்கிக்கொண்டு வரும்போதே, ஈஸ்டர் தாண்டிக் கப்பல் ஏறிவிடுவேன் என்று தூக்கியவர்களிடம் சொல்லிக்கொண்டு வந்தார்.

அவருடைய மேஸ்திரி நல்ல மனுஷர். வீட்டுக்கு வந்து பார்த்தார். ஹார்பர் கேட்டுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன அறை, ஒரு ஃபேன், ஒரு நாற்காலி. காலையில் கப்பலுக்குப் போகிற ஆட்களுக்கு பாஸ் கொடுக்க வேண்டும், சாயங்காலம் திரும்ப வாங்கி வைக்க வேண்டும். அந்த இடம் காலியாகிறது, மார்ச் முடிவதற்குள் சொன்னால் உனக்கே வாங்கித் தருகிறேன் என்றார். இவர் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். மேஸ்திரி படியிறங்கிய பிறகுதான் வாயைத் திறந்தார்.

"இருவத்தஞ்சு வருசமா மேல ஏறுனவன் நானு. இப்போ கீழ குந்திகினு, மேல போறவனுக்கு சீட்டு குடுக்கணுமா?"

எனக்கு அந்த நாற்காலி வேண்டும். கோயிலில் முழங்கால் போட்டு நான் அந்த நாற்காலியைத்தான் கேட்டேன். மறுபடி ஒரு தடவை அந்தக் கம்பியைத் தூக்கினால் இந்த மனுஷனை ஆயுசுக்கும் கட்டிலில் வைத்துத்தான் பார்க்கணும் என்று எனக்குப் பயம். ஆனால் அதைச் சொன்னால் அவர் எகிறுவார், நான் அதற்கு மேல் எகிறுவேன், சந்து முழுக்க வேடிக்கை பார்க்கும். அதனால் விழுங்கிக்கொண்டிருந்தேன். விழுங்குவது எனக்குப் பழக்கமில்லாத காரியம்.

நான் வண்ணாரப்பேட்டையில் நைட்டி மொத்த வியாபாரம் செய்கிற கடை ஒன்றில் வேலை பார்க்கிறேன். பகலெல்லாம் டாடி தனியாகக் கிடக்கிறாரே என்று, காலேஜில் படிக்கும் எங்கள் மகள்தான் ஒரு ஆட்டத்தை அவர் போனில் ஏற்றிக் கொடுத்தாள். கடலோரத்தில் ஒரு சின்ன ஊர். அதில் ஒரு பொம்மை ஆள் வந்து இறங்குவான். அவனுக்கு ஒரு வேலை, ஒரு வீடு, நாலு பேர் பழக்கம், ஒரு கல்யாணம் என்று எல்லாவற்றையும் நாம்தான் அமைத்துக் கொடுக்க வேண்டும். அந்த மஞ்சள் முடிக்காரியும் அந்த ஊர்ப் பொம்மைதான். அங்கே ஒரு நாள் என்றால் நமக்கும் ஒரு நாள். அவசரப்படுத்த முடியாது. படுத்துக் கிடக்கிறவருக்கு அதைவிடப் பொருத்தமாக என்ன கிடைக்கும்? பொம்மைக்குத் தன் பெயரையே வைத்தார். என்ன வேலை வேண்டும் என்று ஆட்டம் கேட்டது. தச்சு வேலை, தபால் ஆபீஸ், மளிகைக் கடை என்று எத்தனையோ இருந்தன. இவர் ஹார்பரைத் தொட்டார். இதிலாவது வேற வேலை எடுக்கக் கூடாதா டாடி என்று மகள் தலையில் அடித்துக்கொண்டாள். தெரியாத வேலையை எப்படிச் செய்வது என்று அவர் நியாயம் கேட்டார்.

ஒரே மாசத்தில் அந்த ஊரில் அவர் பெரிய ஆளாகிவிட்டார். சாயங்காலம் நான் வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் அன்றைய சேதியெல்லாம் வந்துவிடும். எந்தக் கப்பல் வந்தது, எத்தனை பேர் ஏறினார்கள், பக்கத்து வீட்டுக் கிழவன் பூசணிக்காய் கொடுத்தான், வீட்டுக்கு ஜன்னல் வைத்தாயிற்று. எங்கள் வீட்டு ஜன்னலைத் திறந்தால் எதிர்வீட்டுச் சுவரும் அதில் காய்கிற லுங்கியும்தான் தெரியும். அங்கே அவர் கட்டிய வீட்டில் கட்டிலுக்கு நேரே கடல் தெரியும். நீ வந்தால் இந்தப் பக்கம் படுத்துக்கொள் என்று காட்டினார். அதற்குத்தான் ரொட்டிக்கடைக்காரி இருக்கிறாளே என்றேன். சிரித்தால் முதுகு வலிக்கும் என்பதால் சிரிப்பை அடக்கப் படாத பாடு பட்டார். உள்ளதைச் சொன்னால் அந்த ஒரு மாசம் நான் சந்தோஷமாகவே இருந்தேன். ஷிப்டு ஷிப்டாகப் போய் வந்த மனுஷன். சாயங்காலம் கதவைத் திறந்தால் உள்ளே இருப்பார், பேச ஏதாவது வைத்திருப்பார் என்பதே எனக்குப் புதுசு.

மோதிரம் போட்ட மூன்றாம் நாள் சாம்பல் புதன் வந்தது. எங்களில் தவக்காலம் தொடங்கிவிட்டால் ஈஸ்டர் வரைக்கும் கல்யாணம் கிடையாது, சாமியாரைக் கூப்பிட்டுப் புது வீடு மந்திரிப்பது கிடையாது, புதுத் துணிகூட எடுக்க மாட்டோம். வெள்ளிக்கிழமைகளில் ஒருசந்தி, ஒருவேளைதான் சாப்பாடு. படியிறங்க முடியாத இவருக்காகக் கோயிலிலிருந்து ஒரு அக்கா சின்ன டப்பாவில் சாம்பல் கொண்டுவந்து நெற்றியில் சிலுவை போட்டுவிட்டுப் போனார். அந்த நெற்றியோடு போனை எடுத்தால், கல்யாணத் தேதியைக் குறி என்கிறது ஆட்டம். பதினைந்து நாள்தான் கெடு.

இவர் குறிக்கவில்லை. விளையாட்டுக்குத்தானே டாடி என்று மகள் எவ்வளவோ சொன்னாள். "பேரு என் பேரும்மா. தவக்காலத்துல கல்யாணம் பண்ணான்னு என் பேருக்கு வரணுமா?" என்றார். ரொட்டிக்கடைக்காரி ஈஸ்டர் வரைக்கும் பொறுத்திருப்பாள் என்று வேறு நம்பினார். அந்த ஆட்டத்தை எத்தனையோ தேசத்தில் எத்தனையோ பேர் ஆடுவார்கள். இப்படி ஒரு காரணத்துக்காக ஒரு பொம்மைக் கல்யாணத்தைத் தள்ளிப்போட்ட ஆள் எங்கள் கோயில் தெருவைத் தவிர வேறு எங்கும் இருந்திருக்க முடியாது. நான் கடையில் சொன்னபோது நைட்டிக் கட்டுகளின் மேல் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்கு அதில் கொஞ்சம் பெருமையும் இருந்தது.

பதினாறாம் நாள் அவள் மோதிரத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள். அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ஊரே முகத்தைத் திருப்பிக்கொண்டது. பூசணிக்காய்க் கிழவன் கதவைத் திறக்கவில்லை. ஹார்பரில் வேலைக்கு ஆள் எடுக்கும்போது இவன் பேரைக் கூப்பிடவில்லை. காலையில் பொம்மை கேட்டுக்குப் போகும், மற்றவர்கள் உள்ளே போவதைப் பார்த்துக்கொண்டு நிற்கும், சாயங்காலம் வீடு திரும்பும். மறுநாளும் அப்படியே. மகள் போனை வாங்கி என்னென்னவோ செய்து பார்த்தாள். இது இனிமேல் தேறாது, ரீசெட் பண்ணிவிட்டு முதலிலிருந்து ஆரம்பியுங்கள் என்றாள். ஒரு பட்டன்தான். ஆனால் அதை அழுத்தினால் வீடு போகும், ஜன்னல் போகும், இத்தனை நாள் சேர்த்ததெல்லாம் போகும். வெறுங்கையோடு புது ஆளாகக் கரையில் வந்து இறங்க வேண்டும்.

முடியாது என்றுவிட்டார். கட்டிய வீட்டை எவனாவது இடிப்பானா என்று மகளிடம் சத்தம்கூடப் போட்டார். இன்று கூப்பிடாவிட்டால் நாளைக்குக் கூப்பிடுவார்களாம். தினமும் காலையில் போனைத் திறந்து, கூப்பிடுகிறார்களா என்று பார்ப்பார். வாரம் இரண்டு ஓடியது, மூன்று ஓடியது. எனக்குச் சேதி சொல்வது நின்றுபோனது. என்ன கேட்டாலும் ம் என்பார். பொம்மையைப் பற்றித்தான் கவலைப்படுகிறார் என்று மகள் நினைத்தாள். எனக்குத் தெரியும், அவர் எதை விடமாட்டேன் என்கிறார் என்று.

மார்ச் கடைசியில் ஒரு வியாழக்கிழமை மேஸ்திரி என் போனுக்குக் கூப்பிட்டார். இவர் எடுப்பதே இல்லையாம். இன்னும் சில நாள்தான், அப்புறம் அந்த நாற்காலிக்கு வேறு ஆள் போட்டுவிடுவார்கள் என்றார். அன்றைக்குக் கடையில் ஈஸ்டர் சரக்கு வந்து இறங்கியிருந்தது, நின்று நின்று எனக்குக் கால் வீங்கியிருந்தது. வீட்டுக்கு வந்தால் இவர் போனை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு, பொம்மை கேட்டில் நிற்பதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். எனக்கு வந்ததே கோபம். இரண்டு மாசமாக விழுங்கியது மொத்தமும் ஒரே மூச்சில் வெளியே வந்துவிட்டது.

"யோவ், அந்தப் பொம்ம மாதிரியேதான்யா நீயும் கேட்டாண்ட நின்னுகினு கீற. கப்பலுக்கு இனிமே உன்ன யாரும் கூப்புடப் போறதில்ல. உள்ள நாற்காலி போட்டு வெச்சிகினு கூப்புடறாங்க, அது உன் கண்ணுக்குத் தெரியல."

சொன்ன உடனேயே நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவர் கோபித்துக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பிப் படுக்கப் பார்த்தார், முடியவில்லை. அதற்கும் நான்தான் இடுப்பில் கை கொடுக்க வேண்டியிருந்தது. கொடுத்தேன். திரும்பிப் படுத்துக்கொண்டார். மூன்று நாள் எங்களுக்குள் பேச்சு இல்லை.

ஞாயிற்றுக்கிழமை குருத்தோலைத் திருநாள். கோயிலுக்கு வந்தே தீருவேன் என்று மகளிடம் சொல்லி, இடுப்பில் பெல்ட்டைக் கட்டிக்கொண்டு, அவள் தோளைப் பிடித்தபடி இரண்டு மாடியும் இறங்கினார். ஆட்டோவில் கூட்டிப் போனோம். பவனியில் நடக்க முடியாது, பின்னால் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்தோம். பூசை முடிந்ததும் கூட வேலை பார்த்தவர்கள் சூழ்ந்துகொண்டார்கள். முதுகு எப்படி இருக்கிறது, மாத்திரை சாப்பிடுகிறாயா என்றெல்லாம் கேட்டார்கள். எப்போது கப்பலுக்கு வருகிறாய் என்று மட்டும் ஒருத்தரும் கேட்கவில்லை. திரும்பி வந்து படியேறினோம். முதல் மாடியில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். சட்டை முழுக்க வேர்வை. மேலே மிச்சமிருந்த படிகளை அண்ணாந்து ரொம்ப நேரம் பார்த்தார்.

மத்தியானம் நான் அடுப்படியில் நெத்திலி கழுவிக்கொண்டிருந்தேன். மகள் கோயில் பாட்டுக் குழுவுக்குப் போய்விட்டாள். "இன்னாமே, இங்க வா" என்று குரல் வந்தது. மூன்று நாளில் முதல் வார்த்தை. மீன் கையோடு ஓடினேன்.

போனில் வெறும் கடற்கரை. வீடு இல்லை, ஜன்னல் இல்லை. முகம்கூட வரையாத ஓர் ஆள் மணலில் நின்றுகொண்டிருந்தான். அழித்துவிட்டேன் என்றார். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது, கண்தான் அப்படி இல்லை. இவனுக்கு என்ன வேலை என்று ஆட்டம் கேட்டுக்கொண்டிருந்தது. போனை என்னிடம் நீட்டினார்.

"நீயே போடு. நீ இன்னா போடறியோ, அதான் எனக்கும்."

எந்த வேலையைச் சொல்கிறார் என்று எனக்கா தெரியாது? போனை வாங்கினேன். தபால் ஆபீஸ் என்ற இடத்தில் நாற்காலியில் உட்கார்ந்த ஓர் ஆளின் படம் இருந்தது. முழங்கால் தேயக் கேட்டது என் விரல் நுனியில் வந்து நிற்கிறது. ஒரு தட்டு தட்டினால் போதும். நிமிர்ந்து அவரைப் பார்த்தேன். ஊசி போடக் கையை நீட்டிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறவர் மாதிரி கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். இங்கே இவர் உட்காரப் போகிறார், அது எனக்குத் தெரிந்துவிட்டது. அங்கேயும் உட்காரவைத்தால் பிறகு இந்த மனுஷன் எங்கே போய் ஏறுவார்?

ஹார்பரைத் தொட்டேன். ஈர விரலுக்குப் போன் அசையவில்லை. நைட்டியில் துடைத்துக்கொண்டு மறுபடி தொட்டேன், மூன்றாவது தடவைதான் எடுத்துக்கொண்டது. அவர் எட்டிப் பார்த்தார்.

"இன்னாமே, ஹார்பரப் போட்டுட்ட?"

"அங்க நீ எத்தினி கப்பல் ஏறணுமோ ஏறு. இங்க குந்திக்கோ. எனக்கு நீ வோணும்."

அவரிடம் நான் அப்படிச் சொன்னதே இல்லை. எங்கள் வீட்டில் அதெல்லாம் சொல்கிற வழக்கம் கிடையாது. அவரும் போனைப் பார்த்தார், நானும் போனைப் பார்த்தேன். அதற்குள் புது ஆள் ஹார்பர் கேட்டுக்குப் போயிருந்தான். அவனை யாருக்கும் தெரியாது, அவன் மேல் யாருக்கும் கோபமும் இல்லை. பேரைக் கூப்பிட்டார்கள். உள்ளே போனான். கப்பலின் ஏணியில் கால் வைத்தான்.

"அவன் ஏறட்டும்" என்றார்.

ஆட்டத்தை மூடிவிட்டு மேஸ்திரியின் நம்பரைத் தேடினார். அந்தப் பக்கம் எடுத்ததும் சுகம் விசாரிக்கக்கூட விடவில்லை. பாஸ் கொடுக்க நான் காலையில் எத்தனை மணிக்கு வந்து உட்காரணும் என்று கேட்டார்.