கல்யாண வீடியோவில் பெய்த மழை

யாழ்ப்பாணத்திலிருந்து ஜெர்மனிக்குக் கல்யாணம் கட்ட வந்த எனக்கு, மாப்பிள்ளையைவிட வீடியோக்காரரோடுதான் முதலில் பழக்கம் ஏற்பட்டது. மாப்பிள்ளை வாயைத் திறந்தால்தானே! வீடியோக்காரர் வாயை மூடவே மாட்டார். டோர்ட்மண்ட் பக்கத்தில் எங்கள் ஆட்களின் கல்யாணம், பெண்பிள்ளை பெரியவளானால் வைக்கும் சாமத்திய வீடு எல்லாவற்றிலும் கமராவோடு நின்றவர் அவர்தான்.

அவருக்கு ஒரு பைத்தியம் இருந்தது. ஐம்பதுகளில் ஹொலிவூட்டில் எடுத்த, பாட்டும் ஆட்டமுமான ஒரு சிரிப்புப் படம். ஞாயிற்றுக்கிழமை ஜெர்மன் தொலைக்காட்சியில் போட்டதைப் பதிந்து, நாடா தேயுமட்டும் பார்த்திருக்கிறார். அதில் காதலர்கள் பாரிஸ் தெருவில் மழையில் ஆடுவார்களாம்.

"தங்கச்சி, அவங்கள் ஒருத்தரும் பாரிசுக்குப் போகேல்லை. தெரு பலகையில கீறின படம். மழை குழாய்த் தண்ணி. நிலவு ஒரு பெரிய லைற். ஆனா பாக்கிறவன் நம்புறான்!"

அதையே எங்களை வைத்து எடுக்கப் போவதாகச் சொன்னார். மாப்பிள்ளையின் அம்மா, என் மாமி, உடனே தலையாட்டினார். பின்னால் ஒரு நீர்வீழ்ச்சியையோ சுவிஸ் மலையையோ ஒட்டாவிட்டால், எங்கள் ஆட்களுக்குக் கல்யாணம் நடந்த மாதிரியே இராது.

கல்யாணம் முடிந்து அடுத்த கிழமை, கார்த்திகைக் குளிரில், தன் கராஜில் நீலத் துணியைக் கட்டி எங்களை அதன் முன்னால் நிறுத்தினார். நான் கூறைச்சேலை, என் மாப்பிள்ளை இவர் கோட் சூட். வீடியோக்காரரின் மனைவி ஏணியில் நின்று பூவாளியால் எங்கள் தலையில் மழை பெய்வித்தார். இவர் மரக்கட்டை மாதிரி ஆடினார். நான் தும்மிக்கொண்டு ஆடினேன். "சிரியுங்கோ, பாரிசில நிக்கிறியள்!" என்று வீடியோக்காரர் கத்தினார். எனக்கு வந்த கோபத்துக்குக் கையிலிருந்த குடையாலேயே அவருக்கு நாலு போட்டிருப்பேன்.

வீடியோ வந்தபோது எங்களுக்குப் பின்னால் ஈபிள் கோபுரம் நின்றது. அடுத்த பாட்டில் லண்டன் பாலம். கடைசியில் ஹொலிவூட் மலை, அதன் வெள்ளை எழுத்துகளோடு.

அந்த நேரம் பார்த்து என் வதிவிட அனுமதிக்காக வெளிநாட்டவர் அலுவலகத்தில் டெர்மின், அதுதான் நேரில் வரச்சொல்லி ஒரு நாள், கிடைத்தது. விசாவுக்காகக் கட்டிய கல்யாணமோ என்று அவர்களுக்குச் சந்தேகம். உண்மையென்று காட்ட ஏதாவது கொண்டுவரச் சொன்னார்கள். அந்தச் சந்தேகம் தீராவிட்டால் என்னைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஊரில் திரும்பவும் சண்டை தொடங்கியிருந்தது. மாமியோ, பெருமை தாங்காமல், அந்த வீடியோவைத் தந்து அனுப்பினார்.

அலுவலகத்தில் கண்ணாடி போட்ட ஒரு பெண்மணி அதைக் கணினியில் போட்டுப் பார்த்தார். என் பாஸ்போட்டைப் புரட்டினார். மறுபடி திரையைப் பார்த்தார். எந்த விசாவில் அமெரிக்கா போனீர்கள் என்று கேட்டார். லண்டனுக்கு?

இவர் ஜெர்மனில் விளக்கினார். நீலத் துணி, ஏணி, பூவாளி என்று ஒவ்வொன்றையும் கையால் காட்டினார். பலகையில் கீறிய பாரிசையும் விடவில்லை. விளக்கம் நீள நீள அந்தப் பெண்மணியின் முகம் இறுகியது. கடைசியாக அவர் ஏதோ கேட்க, இவர் என் பக்கம் திரும்பினார்.

"என்னவாம்?" என்றேன்.

"எல்லாம் பொய்யெண்டால் கல்யாணம் மட்டும் எப்பிடி உண்மை எண்டு கேக்கிறா."

எனக்கே அந்தச் சந்தேகம் இருந்தது. சோறு போதுமா, குளிருதா என்பதற்கு மேல் இந்த மனிதர் என்னோடு பேசியதில்லை.

வீடியோ தன் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. வீடியோக்காரர் வெட்ட மறந்த ஒரு துண்டு வந்தது. நான் ஒரு பக்கத்தில், முதுகைக் காட்டிக்கொண்டு, தலை துவட்டிக்கொண்டு நிற்கிறேன். இவர் கொதிகேத்தலோடு ஈபிள் கோபுரத்தின் முன்னால் வந்தார். கீழே வைத்திருந்த பூவாளிக்குள் சுடுதண்ணீரை ஊற்றினார். விரலை விட்டுப் பார்த்தார். கொஞ்சம் யோசித்து, இன்னும் கொஞ்சம் ஊற்றினார். நான் திரும்புவதற்குள் கேத்தலோடு ஓடிவிட்டார்.

பெண்மணி வீடியோவை நிறுத்தி, அவர் என்ன செய்கிறார் என்று கேட்டார். இவர் குனிந்தபடி என்னவோ சொன்னார். அந்தப் பெண்மணி சிரித்தார். பாஸ்போட்டைத் தன் பக்கம் இழுத்து அனுமதியை ஒட்டி, முத்திரையும் குத்தினார். நான் மேசையில் தலை வைத்து அழுதேன்.

வெளியில் வந்ததும் இவரைப் பிடித்துக்கொண்டேன். "இதை என்னட்டைச் சொல்லியிருக்கலாம்தானே!"

"நீர் நடுங்கிக்கொண்டு நிண்டனீர். அப்ப கதைக்கிறதோ, தண்ணி கொதிக்க வைக்கிறதோ?" என்றார்.