தவக்காலப் படத்தில் நான் ஒட்டிய துண்டு

அந்த அசிங்கத்தை ஒட்டியவன் நான்தான். தவக்காலத்தில், இயேசுநாதர் படத்துக்கு நடுவில், தெரிந்தே ஒட்டினேன்.

உங்களுக்குத் தெரிந்திருக்காது... எழுபதுகளில் எங்கள் தூத்துக்குடியில் சில கொட்டகைகளில் பகல் காட்சிக்கென்றே மலிவான படங்கள் வரும். கதை ஒரு பக்கம் போய்க்கொண்டிருக்க, சம்பந்தமே இல்லாமல் ஒரு குளியல் காட்சி வந்து போகும். அதற்குப் 'பிட்டு' என்று பெயர். துறைமுகத்தில் மூட்டை தூக்குபவர் முதல் உப்பளத்து மேஸ்திரி வரை வருவது அதற்குத்தான். கொட்டகை முதலாளி அந்தப் பிலிம் துண்டைக் கொடுப்பார். படம் ஓட்டும் ஆபரேட்டரான நான் அதை ரீலில் ஒட்டுவேன்.

ஒருநாள் போலீஸ் வந்தது. "எனக்கு ஒண்ணும் தெரியாதுய்யா. எல்லாம் இந்தப் பய செஞ்ச வேல" என்றார் முதலாளி.

நான்கு நாள் லாக்கப்பில் கிடந்தேன். சோறு கொண்டுவந்தவள் லூர்தம்மாள் ஒருத்திதான். பெண்கள் பக்கம் டிக்கெட் கிழிப்பவள். பேசி முடித்திருந்த என் கல்யாணமும் நின்றுபோனது. என் வாயை அடைக்க முதலாளி திரும்பவும் வேலை கொடுத்தார். வாங்கிக்கொண்டு கறுவினேன்.

தவக்காலப் படத்துக்கு ஊரே குடும்பத்தோடு வந்திருந்தது. பங்குச் சாமியார் பக்கத்தில் முதலாளி, புதுச் சம்பந்தி வீட்டாரோடு. இதைவிட நல்ல நாள் கிடைக்குமா? போலீஸ் கண்ணில் படாமல் என் டிபன் டப்பாவில் தப்பியிருந்த துண்டை மூன்றாவது ரீலில் ஒட்டினேன்.

திரையில் அது வந்ததும் பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல். "ஏளா... இது நம்ம லூர்து இல்ல?"

அவளேதான்! என்றோ சென்னைக்குப் பிழைக்கப் போன இடத்தில் நடித்திருக்கிறாள். ஆண்கள் நாங்கள் எத்தனை பகல் காட்சி பார்த்தோம்... ஒருவனாவது முகத்தைப் பார்த்தோமா? நான் பார்த்தேனா? பெண்களுக்கு ஒரு நொடி போதுமாயிருந்தது.

அப்போதே மெஷினை நிறுத்தியிருக்கலாம். கை விசைமேல்தான் இருந்தது. ஆனால் கீழே சம்பந்தி எழுந்து நிற்கிறார், முதலாளி முகம் செத்துப்போய்க் கிடக்கிறது... அதைக் கண்ணாரப் பார்க்க வேண்டியிருந்தது எனக்கு. முழுவதையும் ஓடவிட்டேன்.

லூர்தம்மாள் மாடியேறி வந்தாள். "அண்ணே, நீங்களா ஒட்டுனிய?"

"இல்லம்மா. மொதலாளி குடுத்தாரு, ஓட்டுனேன்."

நம்பினாள். மறுநாள் காலையில் முதலாளி வீட்டு வாசலில் மண்ணை வாரித் தூற்றிவிட்டு ஊரைவிட்டே போனாள்.

அந்த மண் என் தலையில் விழ வேண்டியது. ஆனால் எங்கிருந்தாலும் அவள் அந்த ஆளைத்தான் சபித்துக்கொண்டிருப்பாள் என்று நினைக்கும்போது... சொல்ல வெட்கமாக இருக்கிறது, இன்றைக்கும் எனக்கு நெஞ்சு குளிரத்தான் செய்கிறது.