கறி தொடாத டெலிவிஷன் சமையல்காரன்

ஆட்டுக்கறி வாங்க நான் இரண்டு பஸ் மாறிப் போகிறேன். எங்கள் தெருமுனையிலேயே நல்ல கறிக்கடை ஒன்று இருக்கிறது. கடைக்காரரும் நல்லவர்தான்; என்னைக் கண்டால் தொப்பியைக் கழற்றுவார். அந்தத் தொப்பிக்குப் பயந்துதான் ஊர் தாண்டிப் போகிறேன். சென்ற சனிக்கிழமை, என்னை யாருக்கும் தெரியாது என்று நம்பிப் போன கடையிலும் அந்த ஆள் கத்தியைக் கீழே வைத்துவிட்டு என் முகத்தையே உற்றுப் பார்த்தார். "டெலிவிஷனில் வருகிற சுவாமிதானே நீங்கள்?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "கறி யாருக்கு?" என்றார். சட்டென்று வேறு எதுவும் வாய்க்கு வரவில்லை, நாய்க்கு என்றேன். அவர் மனமுவந்து எலும்பும் ஜவ்வுமாக ஒரு பொட்டலம் கட்டிக் கொடுத்து, என்னைப் போன்ற ஒருவர் வாயில்லா ஜீவனுக்காக இதையெல்லாம் கையால் தொடுவது பெரிய விஷயம் என்றும் சொன்னார். பஸ்ஸில் அந்தப் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு நானும் என் மனைவியும் மகளும் ஆகிய மூன்று நாய்களுக்கு இது எப்படிப் போதும் என்று யோசித்துக்கொண்டே வந்தேன்.

சேலத்தில் இதைப் படிக்கிறவர்களுக்கு டெலிவிஷன் என்றால் என்னவென்று சொல்ல வேண்டும். சினிமாக் கொட்டகையைச் சுருக்கி ஒரு பெட்டிக்குள் அடைத்து வீட்டு மூலையில் வைத்திருப்பார்கள். அதில் வெள்ளிக்கிழமைதோறும் மாலை ஆறு மணிக்குப் பத்து நிமிடம் நான் வருகிறேன். தலையில் ஜரிகைத் தலைப்பாகை கட்டி, இங்கிலாந்துப் பெண்களுக்குக் குழம்பு வைக்கச் சொல்லிக் கொடுக்கிறேன். குழம்பில் டெலிவிஷன்காரர்கள் சொன்னபடி ஆப்பிளும் உலர்ந்த திராட்சையும் போடுகிறேன். மிளகாய்த் தூள் அரைத் தேக்கரண்டி, அதுவும் பார்க்கிறவர்களை எச்சரித்துவிட்டு. பெட்டியில் தெரிவதெல்லாம் கறுப்பு வெள்ளை என்பதால் நான் வைக்கும் எந்தக் குழம்பும் சேற்றுத் தண்ணீராகத்தான் தெரியும். அதைப் பார்த்துவிட்டு வாரம் நூறு பேர் அருமையான நிறம் என்று கடிதம் எழுதுகிறார்கள். எங்கள் வீட்டில் யாரும் இதற்குமுன் தலைப்பாகை கட்டியதில்லை. என் அப்பா தலையில் துண்டு கட்டியதுகூட மாதா கோயில் தேர் இழுத்த நாளில் மட்டும்தான்.

நான் சேலம் ஜங்ஷன் ரயில்வே சிற்றுண்டிச் சாலையில் இரண்டாம் சமையல்காரனாக இருந்தவன். தலைமைச் சமையல்காரர் காதர் பாய். மெயில் வந்து நின்றால் கட்லெட்டும் மட்டன் கறியும் தட்டுத் தட்டாகப் பறக்கும். எங்கள் இருவருக்கும் ஓர் ஏற்பாடு இருந்தது. நான் கத்தோலிக்கன்; எங்கள் வேதத்தில் வெள்ளிக்கிழமை சுத்தபோசனம். யேசுநாதர் பாடுபட்ட நாள் என்பதால் இறைச்சியை நாக்கில் வைக்கக் கூடாது; மீன் சாப்பிடலாம். அதனால் வெள்ளிக்கிழமை என் குழம்புக்கு உப்புப் பார்ப்பது காதர் பாய். நோன்பு மாதம் வந்தால் அவர் குழம்புக்கு நான் பார்ப்பேன். "சாமி, கொஞ்சம் நாக்குல வெச்சுப் பாருங்க" என்று கரண்டியை நீட்டுவார். என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவர் அவர். வயது வித்தியாசம் பார்க்காமல் எங்கள் பக்கத்தில் எல்லோரையும் சாமி என்றுதான் கூப்பிடுவோம். ஏழு வருடத்தில் ஒரு நாளும் யாரும் எங்களிடம் விளக்கம் கேட்டதில்லை. ரயிலில் வருகிறவனுக்குக் கறி வேண்டும். உப்பை யார் பார்த்தார்கள் என்பது அவனுக்கு எதற்கு?

இங்கிலாந்தின் வடக்கே, பஞ்சாலைகள் நெருக்கியடித்து நிற்கும் இந்த ஊருக்கு நான் ஆலைக் கேன்டீன் வேலைக்காக வந்தேன். என்னோடு அறையில் இருந்தவர்கள் நான்கு பேர், கட்டில்கள் இரண்டு. பகல் ஷிப்டுக்காரன் எழுந்தால் இரவு ஷிப்டுக்காரன் அதே சூட்டில் படுப்பான். மனைவி பிலோமினாவும் கைக்குழந்தையும் திருச்செங்கோட்டில் மாமனார் வீட்டில் இருந்தார்கள். அவர்களை அழைத்து வர ஒரு வீடு வேண்டும். வாடகை வீட்டு ஜன்னல்களில் தொங்கிய அட்டைகளில் என் நிறத்தவர் வர வேண்டாம் என்று அச்சடித்தே போட்டிருந்தார்கள். அட்டை தொங்காத வீடுகளில் அதையே வாயால், மிகுந்த மரியாதையோடு சொன்னார்கள். மகள் நடக்கத் தொடங்கியதையும் பேசத் தொடங்கியதையும் கடிதத்தில்தான் தெரிந்துகொண்டேன்.

அப்போதுதான் கிளைவ் என்ற டெலிவிஷன்காரர் எங்கள் கேன்டீனைப் படம் பிடிக்க வந்தார். நான் வைத்த மட்டன் கறியைச் சாப்பிட்டுப் பார்த்தவர், மறுவாரமே என்னை ஸ்டுடியோவுக்கு அழைத்தார். ஆரோக்கியசாமி என்ற என் பெயர் நீளமாக இருப்பதாகச் சொல்லி, முன்பாதியை வெட்டிவிட்டார். பின்பாதி எங்கள் ஊரில் எல்லோருக்கும் பொதுப் பெயர் என்பதால் நானும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. நிகழ்ச்சி நேரடி ஒளிபரப்பு. குழம்பு இறங்கியது. நிகழ்ச்சி நடத்தும் பெண்மணி ஒரு கரண்டி எடுத்துச் சுவைத்துக் கண்ணை மூடித் திறந்தார். பிறகு கரண்டியை என்னிடம் நீட்டி, "நீங்களும் சாப்பிட்டுக் காட்டுங்களேன்" என்றார். அன்று வெள்ளிக்கிழமை. உப்புப் பார்க்கக் காதர் பாயும் பக்கத்தில் இல்லை. "மன்னிக்க வேண்டும். இன்று வெள்ளிக்கிழமை. என் மதத்தில் இன்று இறைச்சி கூடாது" என்றேன்.

என் மதம் இன்னதென்று நான் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை கறி கிடையாது என்றால் அது எந்த வேதம் என்பதை ஒரு கிறிஸ்தவ நாட்டில் விளக்கவா வேண்டும் என்று நினைத்தேன். எங்கள் சேலத்து மாதா கோயிலைக் கட்டிய வெள்ளைக்காரர்கள் எங்கள் முப்பாட்டன்களுக்குச் சொல்லிக் கொடுத்த வழக்கம் அது. அவர்கள் நாட்டில் நின்று அவர்களிடமே அதைச் சொன்னேன். மறுவாரம் மூட்டை மூட்டையாகக் கடிதம் வந்தது. இந்து ஞானியின் தவவலிமையை எல்லோரும் புகழ்ந்திருந்தார்கள். பிறருக்குச் சமைத்துத் தான் தொடாத துறவி என்று ஒரு பள்ளி ஆசிரியை எழுதியிருந்தார். கிளைவ் தலைப்பாகையோடு வந்து நின்றார். நான் கத்தோலிக்கன் என்று அவரிடம் விளக்கினேன். "எனக்குத் தெரிந்துவிட்டது, அதுபோதும். ஊருக்குத் தெரிய வேண்டியதில்லை" என்றார். அந்தக் கடிதங்களில் ஒன்று மிஸஸ் ஹோல்ட் என்ற விதவை எழுதியது. அவர் வீட்டு மாடி காலியாக இருந்தது. கறி வாசனை வராத, மது தொடாத இந்துக் குடும்பத்துக்கு அதைக் கொடுக்க அவருக்குத் தடையில்லை. நான் தலைப்பாகையை எடுத்துக் கட்டிக்கொண்டேன்.

பிலோமினா வந்து இறங்கிய வாரமே மிஸஸ் ஹோல்ட்டின் முன்னறையில் உட்கார்ந்து என்னைப் பெட்டியில் பார்த்தாள். நான் வீட்டுக்குள் நுழைந்ததும் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டாள்:

"ஏனுங்க, பூசைக்குப் போற மனுசன் தலையில இதென்னங்க வேஷம்?"

"வீட்டுக்காகத்தான்" என்றேன்.

"ஊடு கெடச்சுப்போச்சில்லீங்க? இனியாவது நெசத்தச் சொல்லிப்போடுங்க."

இதோ சொல்கிறேன், அதோ சொல்கிறேன் என்று இரண்டு வருடம் தள்ளினேன். மிஸஸ் ஹோல்ட் ஞாயிறு மத்தியானம் போப்பை ஏற்காத தன் புராட்டஸ்டண்ட் சபைக் கூட்டத்துக்குப் போகும் மூன்று மணி நேரத்தில் ஜன்னல்களைத் திறந்து வைத்து, குளிரில் நடுங்கிக்கொண்டே கறி வதக்குவோம். எங்கள் ஐரிஷ் பங்குச் சாமியாரும் என்னைப் பெட்டியில் பார்த்திருக்கிறார். ஒருநாள் பூசை முடிந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டு, இந்து மதத்தை விட்டு மனம் திரும்பியது எப்போது என்று கனிவோடு கேட்டார். "எங்கள் முப்பாட்டன் காலத்தில், ஃபாதர்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, கூச்சப்படாமல் எல்லோர் முன்பும் ஒருநாள் சாட்சி சொல்ல வேண்டும் என்றார். என் மகள் அவர் அங்கியைப் பிடித்து இழுத்து, சேலத்து மாதா பாட்டு ஒன்றைப் பாடிக் காட்டினாள். இவ்வளவு சீக்கிரம் கற்றுக்கொண்டுவிட்டாளே என்று அவர் வியந்தார்.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆயர்களான மேற்றிராணிமார்களின் கடிதத்தைப் பூசையில் வாசித்தார்கள். வெள்ளிக்கிழமை சுத்தபோசனம் இனிக் கட்டாயமில்லை. அவரவர் விருப்பம்போல வேறு தவம் செய்யலாம். பிலோமினா என் விலாவில் இடித்தாள். "இனி சாக்குச் சொல்ல முடியாதுங்க. சாப்ட்டுக் காட்டிப்போட்டு, இன்னாருன்னு சொல்லிப்போடுங்க" என்றாள். எனக்கும் ஒரு வேகம் வந்தது. அந்த வெள்ளிக்கிழமை ஆப்பிளையும் திராட்சையையும் ஓரமாக ஒதுக்கினேன். சின்ன வெங்காயம் வதக்கி, தேங்காயும் கசகசாவும் அரைத்து ஊற்றி, மிளகாயை மிளகாயாகவே போட்டேன். ஒரு துண்டு கறியை எடுத்து வாயில் போட்டு மென்றேன். வெள்ளிக்கிழமையில் இறைச்சி என் நாக்கில் பட்டது அதுவே முதல்முறை. பெண்மணியின் கையிலிருந்த கரண்டி அப்படியே நின்றது. "நான் கத்தோலிக்கன். ஞானஸ்நானம் வாங்கியவன். எங்கள் விரதத்தை எங்கள் ஆயர்களே எடுத்துவிட்டார்கள்" என்றேன். சொல்லி முடிப்பதற்குள் சோப்பு விளம்பரம் வந்துவிட்டது. ஆனாலும் பெரிய பாரம் இறங்கிய மகிழ்ச்சியோடு வீட்டுக்கு வந்தேன்.

வந்த கடிதங்களில் யாரும் நான் சொன்னதை நம்பவில்லை. ஒரு தூய மனிதரை நம் நாகரிகம் கெடுத்துவிட்டதே என்று சிலர் அழுதிருந்தார்கள். வெள்ளைக்காரர்களை மகிழ்விக்க மதத்தை விற்றவன் என்று சிலர் திட்டியிருந்தார்கள். ஒருவர் என் ஆன்மாவுக்காகத் தானே ஒரு வாரம் காய்கறி மட்டும் உண்ணப் போவதாக எழுதியிருந்தார். நம்பியவர் ஒரே ஒருவர்தான், மிஸஸ் ஹோல்ட். மாடிப்படி ஏறி வந்து வாசலிலேயே நின்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

"கறி சாப்பிட்டதை நான் பெரிதாக நினைக்கவில்லை. மனிதனுக்கு ஆசை வரும். ஆனால் போப்பின் ஆளா நீங்கள்? ஒரு இந்துவுக்கு வீடு கொடுத்திருப்பதாக என் சபையில் எல்லோரிடமும் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். இனி எந்த முகத்தோடு அங்கே போவேன்?"

மாதக் கடைசிக்குள் காலி செய்யச் சொல்லிவிட்டு இறங்கிப் போனார். அவர் என்ன சொன்னார் என்று பிலோமினாவுக்கு நான் மொழிபெயர்த்தேன். அவள் நம்பாமல் மறுபடி கேட்டாள். "அப்ப இந்துன்னா இருக்கலாமுங்களா? கிறிஸ்தவனுக்குக் கிறிஸ்தவன் ஊடு தர மாட்டானுங்களா?" மறுநாளிலிருந்து வீடு தேடி அலைந்தேன். ஜன்னல் அட்டைகள் அப்படியே தொங்கிக்கொண்டிருந்தன. மகளுக்கு அப்போதுதான் பள்ளியில் இடம் கிடைத்திருந்தது. தாயையும் பிள்ளையையும் திரும்பவும் கப்பலேற்றி அனுப்பிவிட்டு, அந்த இரண்டு கட்டில் அறைக்குப் போவதைத் தவிர வேறு வழி தெரியவில்லை.

கிளைவ்தான் வழி சொன்னார். "அடுத்த வாரம் வாருங்கள். சபலத்தில் தவறிவிட்டேன், பிராயச்சித்தம் செய்து என் தர்மத்துக்குத் திரும்பிவிட்டேன் என்று சொல்லுங்கள். உங்கள் வீட்டுக்கார அம்மாவிடம் நான் பேசுகிறேன்." பேசினார். போப்பிடமிருந்து ஒருவன் தப்பி வந்தால் யாருக்குத்தான் மகிழ்ச்சி இராது என்று மிஸஸ் ஹோல்ட் சொல்லிவிட்டாராம். ஆக, என் பரம்பரையில் யாரும் இருந்தறியாத மதத்துக்கு நான் திரும்பிப் போக வேண்டும். பிலோமினாவிடம் சொன்னேன். அவள் தூங்கும் மகளின் போர்வையை இழுத்துவிட்டாள். "போய்ட்டு வாங்க" என்றாள்.

போனேன். தலைப்பாகை கட்டினேன். ஆப்பிள் போட்டுக் குழம்பு வைத்தேன். பெண்மணி கரண்டியை நீட்டினார். நான் கைகூப்பி, சபலத்தில் தவறியதற்குப் பிராயச்சித்தம் செய்துவிட்டேன், வெள்ளிக்கிழமை கறி தொட மாட்டேன் என்று மறுத்தேன். முன்பெல்லாம் இப்படி மறுத்தபோது பார்த்தவர்கள்தான் தப்பாகப் புரிந்துகொண்டார்கள். என் பக்கம் உண்மை இருந்தது. இன்று நான் காட்டியபடியே அவர்கள் புரிந்துகொள்ள, நான் பொய்யாக நின்றேன். விளக்கு வெளிச்சத்தில் முகம் எரிந்தது. வெட்கமாக இருந்தது. கிளைவ் என் தோளைத் தட்டி, இன்றுதான் நன்றாக நடித்தீர்கள் என்றார்.

ஏழு மணிக்கு வீடு வந்தேன். கீழே மிஸஸ் ஹோல்ட் கதவைத் திறந்து, என் கையைப் பிடித்துக் குலுக்கினார். மேலே தட்டில் சோறும் ரசமும் உருளைக்கிழங்கு வறுவலும் இருந்தன. ஞாயிறன்று வதக்கியதில் மீந்த கறி ஒரு துண்டாவது இருக்கும் என்று சட்டியை எட்டிப் பார்த்தேன்.

"வெள்ளிக்கெழமைங்க" என்றாள் பிலோமினா.

"மேற்றிராணியாரே அதை விட்டுவிட்டாரே."

"அவரு உட்டா உடட்டுமுங்க. அவருக்கு இருக்க ஊடு இருக்குது. நீங்க ஊரு முன்னால நின்னு, வெள்ளிக்கெழம கறி திங்க மாட்டேன்னு சொல்லிப்போட்டு வந்திருக்கறீங்க. அதொண்ணாவது நெசமா இருக்கட்டும்."

மூவரும் உட்கார்ந்தோம். சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு, கீழே கேட்காதபடி மெல்லிய குரலில் செபம் சொன்னோம். மாடிப்படி வழியே மிஸஸ் ஹோல்ட் மீன் பொரிக்கும் வாசனை ஏறி வந்தது. வெள்ளிக்கிழமையானால் அவரும் மீன்தான், இந்தத் தெரு முழுக்க மீன்தான். எதற்கென்று ஒருநாள் அவரிடம் கேட்டிருக்கிறேன். எப்போதும் அப்படித்தான் என்றார். நான் ரசத்தை ஊற்றிச் சோற்றைப் பிசைந்தேன்.