ஆம்பூருக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா

என் கணவர் முதன்முறையாக விமானம் ஏறியபோது எங்கள் மகளுக்கு மூன்று மாதம். ஆப்பிரிக்காவில் ஒரு ஷூ கம்பெனியில் டெக்னீஷியன் வேலை. ஆம்பூரில் தெருவுக்கு ஒருவராவது இப்படிப் போயிருப்பார்கள் என்பதால் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. நான் மட்டும் போனில், விமானங்கள் போகும் வழியைக் காட்டும் இணையதளத்தில், அவருடைய விமானத்தின் படம் அரபிக்கடலுக்கு மேல் நகர்வதைப் பார்த்தபடியே குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். நடுக்கடலில் படம் காணாமல் போனது. கீழே சிக்னல் வாங்கும் கருவி இல்லாத இடங்களில் அப்படித்தான் ஆகும் என்று எனக்குத் தெரியும். நான் எலக்ட்ரானிக்ஸ் படித்தவள். தெரிந்திருந்தும், படம் திரும்ப வரும்வரை நாற்பது நிமிடம் நான் எழுந்து தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

அந்தப் படங்களெல்லாம் பெரும்பாலும் என்னைப் போன்ற சாதாரண ஆட்களின் வீட்டு மாடியிலிருந்துதான் வருகின்றன என்பதைப் பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். விமானங்கள் பறந்துகொண்டே தங்கள் எண்ணையும் உயரத்தையும் வானொலி அலையில் சொல்லிக்கொண்டே போகும். அதைக் கேட்க ஒரு பென் டிரைவ் அளவுள்ள கருவி போதும். ஒன்றை வாங்கி, என் கல்லூரிக் காலத்து லேப்டாப்பில் சொருகி, கேபிள் ஒயரை வெட்டி ஒரு ஆன்டெனா செய்து, மொட்டை மாடியில் துணிக்கொடிக் கம்பத்தில் கட்டினேன். பக்கத்து வீட்டுப் பாய் மாடியிலிருந்து எட்டிப் பார்த்து, "இன்னாம்மா, துபாய் சேனல் வருதா?" என்று கேட்டார். "பிளேன் வருது பாய்" என்றேன். அவர் குனிந்து மாடிச் சுவரைப் பார்த்துவிட்டு, "இங்க எறக்க வேணாம்மா, எங்க தண்ணி டேங்க் இருக்குது" என்றார்.

லேப்டாப் டிவி ஸ்டாண்டில் இருபத்து நாலு மணி நேரமும் ஓடியது. சுவர்க் கடிகாரம் பழுதானதிலிருந்து அதன் திரையில் பெரிய எழுத்தில் நேரம் தெரியும்படி வைத்திருந்தேன். என் மாமியாரும் நாத்தனாரும் ஒரே ஷூ கம்பெனியில் தையல் பிரிவில் வேலை செய்கிறார்கள். காலை ஏழரைக்குத் தெருமுனைக்கு வரும் கம்பெனி வேன் யாருக்காகவும் நிற்காது. அதனால் கடிகாரம் பத்து நிமிடம் முன்னால் ஓடாத வீடு எங்கள் தெருவில் இல்லை. லேப்டாப் சரியான நேரத்தைக் காட்டியதால் முதல் வாரமே மாமியார் வேனைத் தவறவிட்டார். "படிச்ச பொண்ணு வெச்ச கடிகாரம், பஸ் ஸ்டாண்டு வரைக்கும் ஓட வெச்சிடுச்சு" என்று அன்று மாலை முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். நான் தானாக நேரம் திருத்திக்கொள்ளும் வசதியை அணைத்துவிட்டு, லேப்டாப் நேரத்தைப் பத்து நிமிடம் முன்னால் வைத்தேன். பிறகு அதைப் பற்றி நான் நினைக்கவே இல்லை.

கருவி கேட்கும் ஒவ்வொரு சிக்னலும் நேரத்தோடு லேப்டாப்பில் ஒரு கோப்பில் சேரும். அங்கிருந்து விமானப் படம் காட்டும் அந்த இணையதளத்துக்குப் போகும்போது தளத்துக்காரர்கள் தங்கள் நேரத்தையே போட்டுக்கொள்வார்கள். ஆகவே குறை எதுவும் யார் கண்ணிலும் படவில்லை.

அது ஐப்பசி மழைக்காலம். மகளுக்கு ஒரு வயது முடிந்து, பிடித்துக்கொண்டு நடக்கத் தொடங்கியிருந்தாள். காலை பதினொன்றேகால் இருக்கும், அவள் வாயிலிருந்து ஒரு ஒயர் முனையைப் பிடுங்கிக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. இப்படிக் கருவி வைத்திருப்பவர்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. அதை நடத்துபவர் சென்னையில் இருக்கும் ஓய்வு பெற்ற வானொலித் தொழில்நுட்பக்காரர். எல்லோரும் சார் என்போம். அதுவரை அவர் என்னிடம் போனில் பேசியதில்லை.

"ஏம்மா, ஆம்பூர்ல உன் ரிசீவர் ஓடுதா?"

"ஓடுது சார்."

"சின்ன டிரெய்னிங் பிளேன் ஒண்ணைக் காணோம்மா. பத்தொம்பது வயசுப் பொண்ணு, ஆம்பூர்ப் பக்கமா தனியா ஓட்டிட்டு வந்திருக்கா. வாலாஜாபேட்டைக்கு மேல பத்து அஞ்சுக்கு ரேடார்ல இருந்து மறைஞ்சிடுச்சு. மேகத்துக்குக் கீழ போகலாம்னு தாழ்வா இறங்கியிருக்கா போல. அந்தப் பக்கத்துல இப்ப உன் ரிசீவர் ஒண்ணுதான் ஓடுது. பிளேன் நம்பர் அனுப்பறேன், தேடிப் பாரு."

மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு கையால் தேடினேன். நான்கு வரிகள் கிடைத்தன. நான்கும் ஒரே நிமிடத்தில், பத்து முப்பத்து மூன்றுக்கு. ஒவ்வொரு வரியிலும் உயரம் முந்தைய வரியைவிடக் குறைவு. அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. அந்தச் சின்ன விமானத்தின் கருவி தான் இருக்கும் இடத்தைச் சொல்லாது. எண்ணும் உயரமும் மட்டும்தான்.

அந்த நான்கு வரிகளையும் அனுப்பியதும் சார் உடனே திரும்ப அழைத்தார். சிக்னலின் பலத்தைப் பார்த்தால் என் வீட்டிலிருந்து பதினைந்து கிலோமீட்டர் தூரத்தில் இருந்திருக்கிறது என்றார். "ஆனா எந்தத் திசையில பதினஞ்சுன்னு பலம் சொல்லாதும்மா. நேரம்தான் சொல்லணும். அந்த பிளேன் நிமிஷத்துக்கு மூணு கிலோமீட்டர் போகும். பத்து அஞ்சுல இருந்து பத்து முப்பத்து மூணு, இருபத்தெட்டு நிமிஷம். எண்பத்து நாலு கிலோமீட்டர். வாலாஜாபேட்டையில இருந்து உன் வீடு எவ்ளோ?"

"எழுபது இருக்கும் சார்."

"அப்போ உன்னைத் தாண்டிப் போயிட்டா. ஆலங்காயம் மலைப் பக்கம்." பிறகு, "நேரம் சரிதானே?" என்று கேட்டார்.

"சரிதான் சார்" என்றேன்.

இரவு படுக்கும் முன் கேஸை மூன்று முறை திருகிப் பார்ப்பவள் நான். தடுப்பூசி அட்டையில் தேதியைச் சரிபார்க்க ஆஸ்பத்திரி வாசலிலிருந்து இரண்டாம் முறை உள்ளே போனவள். அந்த ஒரு கேள்விக்கு மட்டும் திரும்பிக்கூடப் பார்க்காமல் பதில் சொன்னேன். மிகவும் பொறுப்பான வேலை ஒன்றைச் செய்துகொண்டிருக்கிறோம் என்ற படபடப்பில் இருந்தேன் என்று நினைக்கிறேன்.

ஆலங்காயம் என்றதும் எல்லோருக்கும் பொருந்திப் போயிற்று. மலை, காடு, மேகம். விமானம் விழுந்தால் அங்கேதான் விழும் என்பதுபோல. வாணியம்பாடியிலிருந்து வண்டிகள் கிளம்பிவிட்டன, வனத்துறை ஆட்கள் ஏறுகிறார்கள், மேலே மழை ஜாஸ்தி என்றெல்லாம் குழுவில் செய்தி வந்துகொண்டிருந்தது. நான் மகளுக்கு ரசம் சாதம் ஊட்டியபடி அதைப் படித்தேன். அந்தப் பெண்ணின் அம்மா இப்போது எந்த அறையில் உட்கார்ந்திருப்பாள், யாராவது அவளைச் சாப்பிடச் சொல்லிக்கொண்டிருப்பார்களா என்று யோசித்தேன். மகள் வாயை மூடிக்கொண்டதைக் கவனிக்காமல் கன்னத்தில் சோற்றை அப்பிவிட்டேன்.

ஒன்றரை மணிக்கு நாத்தனார் வந்தாள். பல்வலி தாங்காமல் பர்மிஷன் போட்டுவிட்டு, கன்னத்தைப் பிடித்தபடி நுழைந்தவள், என்னைப் பார்த்ததும் நின்றாள்.

"இன்னா அண்ணி, எனக்குப் பல்லு வலி, உங்க மூஞ்சி ஏன் வீங்கியிருக்குது?"

நான் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கிராம்பைக் கடித்துக்கொண்டு கேட்டாள். பத்து முப்பத்து மூன்றுக்குக் கடைசி சிக்னல் என்று சொன்னபோது, சாதாரணமாகக் கேட்டாள்.

"வூட்டு டைமா, கம்பெனி டைமா?"

எங்கள் வீட்டில் தினமும் கேட்கும் கேள்வி அது. சீரியல் ஆரம்பித்துவிட்டதா என்பதற்கும், பால்காரர் எப்போது வந்தார் என்பதற்கும் இதையே கேட்போம். நான் லேப்டாப்பைப் பார்த்தேன். ஒன்று நாற்பத்தெட்டு. போனைப் பார்த்தேன். ஒன்று முப்பத்தெட்டு.

"அண்ணி? இன்னா ஆச்சு?"

பத்து நிமிடம். முப்பது கிலோமீட்டர். பத்து இருபத்து மூன்றுக்குத்தான் நான் அவளைக் கேட்டிருக்கிறேன் என்றால், அவள் பதினெட்டு நிமிடம்தான் பறந்திருக்கிறாள். ஐம்பத்து நாலு கிலோமீட்டர். ஆம்பூரைத் தாண்டவே இல்லை. அதே பதினைந்து சொச்சம் கிலோமீட்டர்தான், ஆனால் இந்தப் பக்கம், குடியாத்தம் போகும் திசையில். நான் எல்லோரையும் எதிர்ப்பக்க மலைக்கு அனுப்பியிருந்தேன்.

உடனே போன் செய்திருக்க வேண்டும். செய்யவில்லை. காலையிலும் லேப்டாப் இதே பத்து நிமிடம்தான் முன்னால் இருந்ததா? மகள் பொத்தானை அழுத்தியிருந்தால்? இரண்டாம் முறையும் தவறாகச் சொல்லி, சரியான மலையிலிருந்து ஆட்களை இறக்கிவிட்டால்? காலையில் எங்கள் ஊருக்கு மேலே போன ஒரு பெரிய விமானத்தை என் கோப்பில் தேடி, இணையதளத்தில் அதே விமானத்தின் நேரத்தோடு ஒப்பிட்டேன். பத்து நிமிட வித்தியாசம். இன்னொன்றைப் பார்த்தேன். அதுவும் பத்து. மூன்றாவதைத் தேடத் தொடங்கினேன்.

"அங்க ஒரு பொண்ணு கெடக்குது, இங்க கூட்டிக் கழிச்சுனு உக்காந்துனு இருக்கீங்களே" என்று நாத்தனார் கத்தினாள். "திட்டுவாங்கன்னு பயமா? திட்டட்டும். குடுங்க போன, நான் பேசறேன்."

அவள் சொன்னது பாதி உண்மை. திட்டுக்கும் பயந்தேன்.

நானே பேசினேன். கடிகாரம் பத்து நிமிடம் முன்னால் ஓடுவதைச் சாரிடம் சொன்னேன்.

"இது எப்போ தெரிஞ்சுது உனக்கு?"

"கால் மணி நேரம் ஆச்சு சார். சரிபார்த்துட்டுச் சொல்லலாம்னு..."

"சரிபாக்கறதைப் பதினொன்னேகாலுக்குப் பண்ணியிருக்கணும்மா." குரலை உயர்த்தவில்லை. "இப்போ மலையில இருக்கறவங்களை இறங்கச் சொல்லணும். அப்புறம் அவ அங்கயே இருந்தான்னா அது உன் தலையிலயும் விழும், என் தலையிலயும் விழும். யோசிச்சுச் சொல்லு. எந்தப் பக்கம்?"

மகள் என் புடவையைப் பிடித்து எழுந்து நிற்க முயன்றுகொண்டிருந்தாள்.

"குடியாத்தம் பக்கம் சார். ஆம்பூருக்கு இந்தப் பக்கம்."

அவர் போனை வைத்துவிட்டார். நாத்தனார் குழந்தையைத் தூக்கிக்கொண்டாள். நான் மாடிக்குப் போய்க் கிழக்கே பார்த்தேன். மழைமூட்டத்தில் எதுவும் தெரியாது என்று தெரிந்தே நின்றேன். மறந்துபோய்க் கொடியில் விட்ட துணிகள் ஊறிக்கொண்டிருந்தன. இந்தப் பக்கமும் அவள் இல்லை என்றால் என்ன செய்வது என்று நினைத்தேன். பிறகு, இருந்து, தாமதமாகப் போய்ச் சேர்ந்தால் என்ன செய்வது என்று நினைத்தேன். இரண்டில் எது மோசம் என்று தீர்மானிக்க முடியவில்லை.

நாலு மணிக்குக் கொஞ்சம் முன்னால் கண்டுபிடித்தார்கள். குடியாத்தம் போகும் வழியில், சாலையிலிருந்து வெகுதூரம் உள்ளே, முள்காடு அடர்ந்த ஒரு கரட்டுக் குன்றின் சரிவில். மழை என்பதால் அன்று ஆடு மேய்ப்பவர்கள்கூட அந்தப் பக்கம் போகவில்லை. இறக்கை முறிந்திருந்தது. அந்தப் பெண் உயிரோடு இருந்தாள். இடது கால் உள்ளே மாட்டிக்கொண்டு, ஐந்தரை மணி நேரம் அப்படியே இருந்திருக்கிறாள். சார் என்னை அழைத்து இதை மட்டும் சொன்னார். நன்றி என்றும் சொல்லவில்லை, திட்டவும் இல்லை. மாமியார் வேலை முடிந்து வந்து கேட்டுவிட்டு, "உயிரோட கெடச்சுதா இல்லியா? அதப் பாரு" என்று சொல்லி அடுப்பைப் பற்றவைத்தார். என் கணவரும் போனில் அதையே சொன்னார். காலுக்கு இரண்டு ஆபரேஷன் என்று பிறகு தெரிந்தது.

மூன்று வாரம் கழித்து, என்னிடம் கேட்டுக்கொண்டு, சார் என் எண்ணை அந்தப் பெண்ணின் அப்பாவிடம் கொடுத்தார். அவர் அழைத்தார். "உன்னாலதாம்மா எம் பொண்ணு கெடச்சா. குலசாமிய நெனக்கிற மாதிரி உன்ன நெனச்சுனு இருக்கோம்" என்றார்.

அப்படியே விட்டிருக்கலாம். சார் அவரிடம் கடிகாரத்தைப் பற்றிச் சொல்லியிருக்கவில்லை என்பது எனக்குப் புரிந்துவிட்டது. "ஐயா, என்னாலதான் ரெண்டரை மணி நேரம் லேட்டு" என்று தொடங்கி, எல்லாவற்றையும் சொன்னேன். ஒன்றரை மணிக்குத் தெரிந்த பிறகும் கால் மணி நேரம் சும்மா இருந்ததையும் சொன்னேன்.

மறுமுனையில் யாரோ தட்டு கழுவும் சத்தம் கேட்டது.

"டாக்டர் என்ன சொன்னாரு ஐயா? கொஞ்சம் சீக்கிரம் வந்திருந்தா கால்..."

"அத நான் டாக்டர்கிட்ட கேக்கலம்மா" என்றார். முன்பு பேசிய குரல் இல்லை அது. "கேக்கணும்னு தோணுச்சு. கேக்கல. நீ இப்ப சொன்னதுக்கு இன்னா சொல்றதுன்னும் எனக்குத் தெரியல." பிறகு, "பாப்பா பேசணும்னு சொல்லுது" என்று போனைக் கொடுத்துவிட்டார்.

அந்தப் பெண்ணின் குரல் நான் எதிர்பார்த்ததைவிடச் சின்னதாக இருந்தது.

"அக்கா, உங்க மெஷின் என்னை எத்தனை தடவை கேட்டுச்சு?"

"நாலு தடவைம்மா."

"நாலா?" என்றாள். "மைக்ல நான் கூப்பிட்டுக்கிட்டே இருந்தேன்க்கா. ஒருத்தருமே பதில் சொல்லல. யாருக்குமே கேக்கலன்னு நெனச்சேன்."

எனக்குக் கேட்டது அவளுடைய குரல் அல்ல, விமானத்தின் எண்ணும் உயரமும் மட்டும்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். அது அவளுக்கே தெரிந்திருக்கும். "கேட்டுச்சும்மா" என்றேன்.

"அந்த நாலு லைனையும் எனக்கு அனுப்பறீங்களா? வெச்சுக்கணும்."

அவள் இன்னும் ஊன்றுகோலோடுதான் நடக்கிறாள். திரும்ப ஓட்ட விடுவார்களா என்பதை வரும் தை மாதம் பரிசோதித்த பிறகுதான் சொல்வார்களாம். அதையும் அவளே சொன்னாள். போனை வைத்ததும் கோப்பைத் திறந்தேன். நேரத்தைத் திருத்தி அனுப்புவதா, இருந்தபடியே அனுப்புவதா என்று வெகுநேரம் முடிவு செய்ய முடியவில்லை. திருத்தி அனுப்பினால் மறைப்பது போலிருந்தது. இருந்தபடி அனுப்பினால் அவளுக்கு அது தவறான நிமிடம். கடைசியில் பத்து முப்பத்து மூன்று என்றே விட்டு, ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் பத்து இருபத்து மூன்று என்று எழுதி, ஏன் என்று கீழே நான்கு வாக்கியத்தில் சொல்லி அனுப்பினேன்.